ஜார்ஜ் டவுன்: அஞ்சடியில் நான்கு நாள்

அக்டோபர் 9, வியாழன்: மணிக்கூண்டிலிருந்து

மலேசியாவின் பட்டர்வொர்த் துறையிலிருந்து பினாங்குத் தீவிலுள்ள ஜார்ஜ் டவுனுக்குப் படகுக் கட்டணம் 2 வெள்ளி. வெள்ளி என்றால் ரிங்கிட். மலேசியத் தமிழர் வாயில் ரிங்கிட் என்ற சொல் வருவதே அபூர்வம். பயணம் செய்த வாரக் கணக்கில் ஒரு வெள்ளிக்கு நம்மூர்ப் பணம் 21 ரூபாய். தொகை சின்னதுதான், அதைக் கட்டுவதில்தான் வில்லங்கம். 2023இல் புதுப் படகுகள் வந்ததிலிருந்து வாயிலில் நோட்டும் சில்லறையும் செல்லாது. தட்டுகிற அட்டையோ கைப்பேசிப் பணமோ வேண்டும். குழுவில் இரண்டு பேரிடம் நோட்டு மட்டுமே இருந்தது. பின்னால் வரிசை முட்டிக்கொண்டு நின்றது. முக்காடு போட்ட ஒரு மலாய்க் கல்லூரிப் பெண் முன்னே வந்து தன் அட்டையை அவர்களுக்காகத் தட்டிவிட்டு, நீட்டிய ஐந்து வெள்ளியை வாங்காமல் சிரித்தபடி நடந்துவிட்டாள். வருகிறவர்கள் கோலாலம்பூரிலேயே ஒரு டச் அண்ட் கோ அட்டை வாங்கி 20 வெள்ளி ஏற்றிக்கொள்ளுங்கள். தீவுக்குள் பழைய நகரத்தைச் சுற்றிவரும் கேட் பஸ் இலவசம், அதற்கு எதுவும் வேண்டாம்.

நடை தொடங்கும் இடம் கடற்கரைத் தெரு முனையிலுள்ள மணிக்கூண்டு. உயரம் 60 அடி. விக்டோரியா ராணி ஆட்சிக்கு வந்து 60 ஆண்டு நிறைந்ததற்கு, ஆண்டுக்கு ஓர் அடி என்று கணக்குப் பண்ணிக் கட்டியது. செலவு செய்தவர் செய் சென் இயோக் என்ற சீனச் செல்வர். 1897இல் தொடங்கிய வேலை 1902இல் முடிந்தபோது ராணியே உயிரோடு இல்லை. கூண்டு லேசாகச் சாய்ந்திருக்கிறது; இரண்டாம் உலகப் போரில் பக்கத்தில் விழுந்த குண்டின் வேலை.

வழிகாட்டி ஐம்பதைத் தாண்டிய பினாங்குத் தமிழர். முதல் அரைமணியிலேயே குழு முழுவதுக்கும் ‘அண்ணே’ ஆகிவிட்டார். கழுத்தில் நீல அட்டை. நகரச் சுற்றுக்கு உரிமம் பெற்றவர்களுக்கு நீலம், காடு மலைக்கு அழைத்துப் போகிறவர்களுக்குப் பச்சை. அட்டை இல்லாமல் கூட்டிப் போகிற ஆட்களும் கோட்டை வாசலில் நிற்கிறார்கள். விலையும் பாதி, விவரமும் பாதி. அண்ணன் எதையும் சுட்டுவிரலால் காட்டுவதில்லை. நான்கு விரலையும் மடக்கி, அதன்மேல் கட்டைவிரலைப் படுக்க வைத்து, அதை நீட்டுகிறார். மலாய்க்காரர் மரியாதை அது. சுட்டுவிரல் நீட்டினால் அதட்டுகிற மாதிரி.

கார்ன்வாலிஸ் கோட்டை இருக்கும் முனையில்தான் பிரான்சிஸ் லைட் 1786 ஆகஸ்டில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக பிரிட்டிஷ் கொடியை ஏற்றினார். முதலில் நிபோங் பனையை நட்டு அடைத்த வேலி, பிறகு செங்கல். ஒரு போரையும் பார்க்காத கோட்டை. உள்ளே 1603ஆம் ஆண்டு டச்சுக்காரர் வார்த்த ஸ்ரீ ரம்பாய் பீரங்கியைப் பார்த்துவிட்டு, லைட்டின் சிலையையும் ஒரு பார்வை பார்க்கலாம். சிலை செய்யும்போது அவருடைய படம் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. ஆஸ்திரேலியாவில் அடிலெய்டு நகரத்தைத் திட்டமிட்ட மகன் வில்லியமின் சாயலை வைத்துச் செய்தார்கள். மகன் முகத்தோடு நிற்கும் அப்பா.

லைட் போட்ட முதல் நகரம் நான்கு தெருவுக்குள் அடக்கம்: லைட் தெரு, கடற்கரைத் தெரு, பிட் தெரு, சூலியா தெரு. இந்தச் சூலியா தெருவுக்கு ஆரம்பத்தில் மலபார் தெரு என்று பெயர். அந்தக் காலத்து ஆங்கிலேயனுக்குத் தமிழனும் மலபாரிதான். பிட் தெருவின் இன்றைய பெயர் ஜாலான் மஸ்ஜித் கப்பித்தான் கிளிங். தேவாலயம், சீனக் கோவில், மாரியம்மன் கோவிலின் பின்புறம், மசூதி என்று எல்லாம் இந்த ஒரு தெருவில் ஒரு கிலோமீட்டருக்குள் வரிசையாக வருகின்றன. ‘நல்லிணக்கத் தெரு’ என்று சுற்றுலாக்காரர்கள் பெயர் வைத்திருக்கிறார்கள். அண்ணனுக்கு அந்தப் பெயர் பிடிக்கவில்லை. “ஒவ்வொரு கூட்டத்துக்கும் கம்பெனிக்காரன் நிலம் அளந்து கொடுத்தான், அவங்கவங்க கட்டிக்கிட்டாங்க. இணக்கம் அப்புறம் வந்தது, சண்டையும் வந்தது. சனிக்கிழமை சொல்றேன்.”

புனித ஜார்ஜ் தேவாலயத்தில் சென்னைக்காரர்கள் கொஞ்சம் நிற்க வேண்டும். 1818இல் முடிந்த இந்தக் கட்டடத்துக்கு முன்மாதிரி சென்னை கதீட்ரல் சாலையிலுள்ள புனித ஜார்ஜ் பேராலயம். ராணுவப் பொறியாளர் ராபர்ட் ஸ்மித் வடிவமைக்க, கைதிகளின் உழைப்பில் எழுந்தது. கூரையையும் மெட்ராஸ் டெரஸ் பாணியில் தட்டையாகப் போட்டார்கள். நம் ஊரில் அது நூறு வருஷம் தாங்கும். காரணம், நமக்கு மழை சில மாதம், மிச்ச நாளெல்லாம் தளம் காய்ந்துகொண்டே இருக்கும். பினாங்கில் மழை சென்னையைப்போல் ஒன்றரை மடங்குக்கு மேல், அதுவும் வருஷம் முழுக்கப் பரவிப் பெய்வது. சுண்ணாம்புத் தளம் காயவே நேரம் கிடைக்காது. 1864இல் தட்டைக் கூரையை எடுத்துவிட்டுச் சரிவுக் கூரை போட்டார்கள். இப்போது முகப்பில் தெரியும் முக்கோணம் அப்படி வந்ததுதான்.

பகல் 11 மணிக்கே வெயில் மண்டையைப் பிளந்தது. குவான் யின் கோவில் வாசலில் ஊதுபத்தி, பூ, எண்ணெய் விளக்கு விற்கிற கிழவிகள், புறாக்கள். சீனப் பெயர் கொங் ஹொக் கியோங். ‘கொங்’ என்பது குவாங்துங் மாநிலத்தார், ‘ஹொக்’ என்பது ஹொக்கியன்கள். பேச்சு வேறு, சாப்பாடு வேறான இரண்டு சீனக் கூட்டம் 1800 வாக்கில் சேர்ந்து கட்டிய கோவில் என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது. உள்ளே படம் எடுக்கலாம், கும்பிடுகிறவர் முகத்துக்கு நேரே வேண்டாம். புகை கண்ணில் ஏறும். கண்ணாடி போட்டிருந்தால் நல்லது.

நாலு மணிக்கு மழை கொட்டியது. அக்டோபர் இங்கே அதிக மழை மாதம். காலை எட்டுக்குத் தொடங்கி ஒரு மணிக்குள் நடையை முடித்துக்கொள்வதே சரி. மூன்று நாள் முன்பு நடு இலையுதிர் விழா முடிந்ததால் நிலாப் பணியாரம் பாதி விலைக்குக் குவிந்து கிடந்தது. பெரியது ஒன்று 9 வெள்ளி. நாலு பேர் பங்கு போட்டாலும் திகட்டும்.

அக்டோபர் 10, வெள்ளி: குயின் தெரு, கப்பித்தான் கிளிங், மூடிய கதவு

காலை ஏழரைக்கு ரொட்டி சானாய். ஒன்று 1 வெள்ளி 80 காசு, தே தாரிக் 2.20. கடைக்காரரை ‘பாஸ்’ என்று கூப்பிட வேண்டும். தமிழர், மலாய்க்காரர், சீனர் எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். தேநீரில் பால் என்பது கெட்டிப்பட்ட இனிப்புப் பால். இனிப்பு குறைய வேண்டுமென்றால் ‘குராங் மானிஸ்’, பாலே வேண்டாமென்றால் ‘தே ஓ’, சர்க்கரையும் வேண்டாமென்றால் ‘தே ஓ கோசோங்’. இந்த மூன்றைக் கற்றுக்கொள்ளாவிட்டால் நான்கு நாளில் நாக்கில் இனிப்பு ஒட்டிக்கொண்டுவிடும்.

குயின் தெரு மகா மாரியம்மன் கோவிலுக்கு எட்டரைக்குப் போனால் கூட்டம் இருக்காது. பகலில் நடை சாத்திவிட்டு மாலையில்தான் திறப்பார்கள். பல குழுக்கள் வந்து பூட்டிய கதவைப் படம் எடுத்துக்கொண்டு போகின்றன. இந்த இடம் 1801இல் அன்றைய தமிழர் தலைவர் பெட்டி லிங்கம் செட்டிக்குக் கம்பெனி கொடுத்தது; கோவிலாக எழுந்தது 1833இல். தைப்பூசத்துக்கு முதல் நாள் தண்ணீர்மலைக்குப் போகும் வெள்ளி ரதம் பினாங்குத் தெருவிலுள்ள செட்டியார்களின் கோவில் வீட்டிலிருந்து கிளம்பும். 2017 முதல் இந்தக் கோவிலிலிருந்து தங்க ரதமும் கிளம்புகிறது. ஒரே முருகனுக்கு இரண்டு ரதம் ஏன் என்று கேட்டால் அண்ணன் செருப்பைத் தேடப் போய்விடுகிறார்.

தீபாவளிக்குப் பத்து நாள்தான். லிட்டில் இந்தியா என்கிற நாலைந்து தெருவிலும் ஒலிபெருக்கி காதைக் கிழிக்கிறது. மார்க்கெட் ஸ்ட்ரீட்டுக்குத் தமிழர் வழக்கில் கடைத்தெரு என்று பெயர். “வாங்கக்கா, உள்ள வந்து பாருங்க, வாங்காட்டியும் பரவால்ல” என்ற அழைப்பில் மதுரையும் இருக்கிறது, மலாயும் இருக்கிறது. முறுக்கு ஒரு டப்பா 18 வெள்ளி. விலையைப் பேசிக் குறைக்கலாம், ஆனால் காலையில் முதல் வியாபாரத்தில் பேரம் பேசினால் முகம் சுருங்கிவிடும். அதிலும் அப்படியே நம் ஊர்தான்.

வெள்ளிக்கிழமை மசூதிக்குப் போகிறவர்கள் பதினொன்றரைக்குள் வெளியே வந்துவிட வேண்டும். கப்பித்தான் கிளிங் மசூதிக்கும் தொடக்கம் அதே 1801தான். துணை ஆளுநர் ஜார்ஜ் லீத், தமிழ் முஸ்லிம் வணிகர் காதர் முகைதீனைத் தென்னிந்தியர்களுக்குக் கப்பித்தானாக, அதாவது தலைவராக, நியமித்து, மலபார் தெருவுக்குத் தெற்கே 18 ஏக்கர் கொடுத்தார். இன்றைய குவிமாடமும் ஸ்தூபியும் பின்னால் பெரிதாக்கிக் கட்டியபோது வந்தவை. வாசலில் தன்னார்வலர் ஒருவர் அங்கி எடுத்துத் தருகிறார். அரைக்கால் சட்டை போட்டவர்களுக்கும், எல்லாப் பெண்களுக்கும். காசு இல்லை. அங்கி நைலான், வெயிலில் பத்து நிமிஷத்தில் நனைந்துவிடும். உள்ளே சலவைக்கல் தரை குளிர்ந்து கிடப்பதால் யாருக்கும் வெளியே வர மனமில்லை.

‘கிளிங்’ என்ற சொல் மசூதிப் பெயரில் வரலாறாக நிற்கிறது. தெருவில் யாரையும் பார்த்துச் சொல்லிவிடாதீர்கள். கலிங்கத்திலிருந்து வந்த பெயர் என்பார்கள். இன்றைக்கு இங்குள்ள இந்தியர்களுக்கு அது வசவு.

சூலியா தெருவும் கிங் தெருவும் சந்திக்கும் மூலையில் நாகூர் தர்கா. நாகூர் ஆண்டவர் அடங்கியிருப்பது நாகூரில்தான். இது 1800களின் தொடக்கத்தில் கடல் தாண்டி வந்தவர்கள் எழுப்பிய நினைவிடம். சிங்கப்பூரிலும் இப்படி ஒன்று உண்டு. சுவரை ஒட்டிய மாடங்களே பெட்டிக்கடைகள். தொப்பி, ஜெபமாலை, அத்தர். ஆளுயரக் கடைக்குள் உட்கார்ந்தபடியே வியாபாரம்.

ஒரு மணிக்கு நாசி கண்டார் என்று திட்டம். அங்கேதான் சறுக்கியது. ஜும்மா தொழுகைக்காகக் கடை கதவைப் பாதி இறக்கியிருந்தார்கள். ஒன்றிலிருந்து இரண்டரை வரை தமிழ் முஸ்லிம் கடைகள் பலவும் மூடித்தான் இருக்கும். பயண அட்டவணை போட்டவருக்கு அது தெரியவில்லை. நாளிதழை மடித்துத் தலையில் வைத்துக்கொண்டு பதினொரு பேர் அஞ்சடியில் உட்கார்ந்தோம்.

அஞ்சடி என்ற சொல் நல்ல சொல். கடை வீட்டின் மாடி முன்னால் நீண்டு, கீழே ஐந்தடி அகலத்துக்கு நிழலான நடைபாதை விடுவது. மலாயில் காக்கி லீமா. 1822இல் சிங்கப்பூருக்கு ராஃபிள்ஸ் போட்ட திட்டத்தில் இது விதியானது; பிறகு மலாயாவின் நகரங்களெல்லாம் இதே அச்சு. மழைக்கும் வெயிலுக்கும் குடை தேவையில்லை என்பது கோட்பாடு. நடைமுறையில், பத்தடி நடந்தால் ஒரு மோட்டார் சைக்கிள், அடுத்து பானைச் செடி, அடுத்து நூடுல்ஸ் கடைக்காரரின் அடுப்பு. தரை மட்டமும் வீட்டுக்கு வீடு அந்தந்தச் சொந்தக்காரர் இஷ்டம். ஒரு சாண் ஏறும், அரைச் சாண் இறங்கும். ஓடு பதித்த தரை நனைந்தால் சோப்புக்கட்டி. அண்ணாந்து பார்க்கிறவர்கள்தான் விழுவார்கள்; அன்று ஒருவர் விழுந்தார். பக்கத்துச் சீனக் கடை அம்மா, கேட்காமலேயே முக்காலி போட்டு உட்காரவைத்து, கோடாலித் தைலத்தைத் தேய்த்துவிட்டு, தானே இரண்டு தடவை ‘ஐயோ’ என்றார். தமிழா, ஹொக்கியனா என்று கேட்டதற்கு அண்ணன், “ரெண்டிலும் ஐயோதான்” என்றார்.

உட்கார்ந்த இடத்திலேயே அவர் சுவரைக் காட்டினார், கட்டைவிரலால். தரையிலிருந்து மூன்றடி வரை பூச்சு பொரிந்து, வெள்ளையாக உப்புப் பூத்திருந்தது. பழைய சுவர் சூளைச் செங்கலும் சுண்ணாம்பும். கடல் பக்கம், நிலத்தடி நீர் கொஞ்சம் கீழேதான். ஈரம் சுவருக்குள் ஏறிக்கொண்டே இருக்கும். சுண்ணாம்புப் பூச்சு மூச்சுவிடும். ஏறிய ஈரம் வெளியே போய்விடும். வாடகைக்கு எடுத்தவர் ‘பலமாக இருக்கட்டும்’ என்று சிமெண்ட் பூசினால் ஈரம் போக வழியில்லாமல் உள்ளேயே தங்கி, உப்பு படிகமாகி, செங்கலையே மாவாக்கிவிடும். மேலே பிளாஸ்டிக் பெயிண்ட் அடித்தால் அதைவிட மோசம். சரிசெய்ய சிமெண்டைக் கொத்தி எடுத்து, சுவரை மாதக்கணக்கில் காயவிட்டு, பிறகு சுண்ணாம்பு பூச வேண்டும். மூன்று மாத வாடகை போகிறதே என்று யாரும் பொறுப்பதில்லை. இந்த ஒரு சுவரைப் பார்த்த பிறகு எந்தத் தெருவிலும் கண் முதலில் சுவரின் அடிப்பகுதிக்குத்தான் போகிறது.

இரண்டே முக்காலுக்குக் கதவு திறந்தது. நாசி என்றால் சோறு, கண்டார் என்றால் தோளில் போடும் காவடிக் கம்பு. ஒரு கூடையில் சோறு, மறு கூடையில் குழம்பு என்று துறைமுகத் தொழிலாளர்களுக்குத் தமிழ் முஸ்லிம்கள் சுமந்து விற்றது. விலைப்பலகை இருக்காது. சோறு, கோழி, வெண்டைக்காய், பாதி உப்பு முட்டை: 13 வெள்ளி. ஒரு பெரிய இறாலைத் தொட்டவருக்கு 27 ஆனது. இறால், கணவாய், மீன் முட்டை மூன்றுக்கும் கையை நீட்டுவதற்கு முன் ‘எவ்வளவு பாஸ்’ என்று கேட்டுவிடுங்கள். ‘பஞ்சிர்’ என்று சொன்னால் நாலைந்து குழம்பையும் கலந்து சோறு முங்க ஊற்றுவார்கள். பஞ்சிர் என்றால் வெள்ளம். தனித்தனியாகக் கேட்பவர்களை இங்கே பாவமாகப் பார்க்கிறார்கள்.

அக்டோபர் 11, சனி: ஆச்சே தெரு, பீரங்கித் தெரு, மரப்பாலம்

ஆர்மேனியன் தெருவின் சுவர் ஓவியங்களுக்காகவே பாதிப் பேர் இந்த ஊருக்கு வருகிறார்கள். 2012இல் எர்னஸ்ட் ஜகரேவிச் என்ற லித்துவேனியர் வரைந்தது, நிஜ சைக்கிளைச் சுவரில் பதித்து அதன்மேல் இரண்டு குழந்தைகள். சனிக்கிழமை காலை ஒன்பதுக்கே இருபது பேர் வரிசை. அடுத்தவரை அவசரப்படுத்தாமல் நிற்கும் நாகரிகம் பாராட்டத்தக்கது, ஓவியம் வெளுத்துவிட்டது. எட்டு மணிக்கு வந்தால் ஆளே இருக்காது. தெருக்களில் தொங்கும் கம்பிக் கேலிச்சித்திரங்கள் 52. அவற்றைப் படித்துக்கொண்டே போனால் ஊர்க்கதை பாதி தெரிந்துவிடும். அதே தெருவில் 120ஆம் எண் வீடுதான் 1910இல் சீனப் புரட்சித் தலைவர் சன் யாட் சென்னின் தளம்.

ஆச்சே தெரு மசூதி 1808இல் சுமத்ராவின் ஆச்சேயிலிருந்து வந்த அரபு வழி வணிகர் தெங்கு சையத் ஹுசைன் கட்டியது. கப்பல் காலத்தில் ஹஜ்ஜுக்குப் போகிறவர்கள் இந்தத் தெருவில் தங்கித்தான் ஏறுவார்கள். அதனால் இரண்டாம் ஜித்தா என்று பெயர். ஸ்தூபியில் வட்டமாக ஒரு துளை தெரியும். 1867 கலவரத்தில் பாய்ந்த பீரங்கிக் குண்டு என்பது ஊர்ப்பேச்சு. பக்கத்தில் பீரங்கித் தெரு என்ற பெயருக்கும் அதே கலவரத்தைச் சொல்கிறார்கள்.

வியாழன் அன்று சொல்கிறேன் என்ற சண்டையை அண்ணன் இங்கே எடுத்தார். 1867 ஆகஸ்டில் பத்து நாள் நடந்தது. சீனருக்கும் மலாய்க்காரருக்கும் என்று நினைத்தால் தப்பு. ஒரு பக்கம் கீ ஹின் என்ற சீன ரகசியச் சங்கமும், மலாய்க்காரரும் இந்திய முஸ்லிம்களும் இருந்த வெள்ளைக் கொடிச் சங்கமும். எதிரே தோவா பே கொங் என்ற சீனச் சங்கமும் சிவப்புக் கொடியும். இரண்டு அணியிலும் எல்லா இனத்தாரும் உண்டு. பிரித்தது இனமல்ல, தெருவும் தொழிலும் யார் யாருக்கு ஆள் என்பதும்.

அதைக் கேட்டுவிட்டுக் கூ கோங்சி என்ற சீனக் குலமனைக்குள் போனால் அந்த இடத்தின் அமைப்பு புரியும். வெளியே இருந்து பார்த்தால் சாதாரணக் கடைவீட்டு வரிசை. நடுவில் ஒரு சந்து. ஓர் ஆள் தாராளமாக, இரண்டு ஆள் இடித்துக்கொண்டு போகலாம். அதைத் தாண்டினால் கருங்கல் முற்றம், எதிரெதிரே குலக்கோவிலும் கூத்து மேடையும். சண்டை வந்தால் சந்தின் வாயை அடைத்தால் போதும், கோட்டை. கூ குலத்தார் பெருமைக்குக் கட்டிய பெரிய கோவில் 1901இல் முடிந்த கையோடு எரிந்துபோனது. அரண்மனையைப் போலக் கட்டியதால் தெய்வக் குற்றம் என்று பயந்து, 1906இல் சற்று அடக்கமாகக் கட்டினார்களாம். இப்போது இருப்பது அந்த அடக்கமானது.

கூரை முகட்டைப் பார்க்கத் தொலைநோக்கி இருந்தால் கொண்டுபோங்கள். டிராகன், பூ, படைவீரர்கள் எல்லாம் பீங்கான் துண்டுகள். மெல்லிய வண்ணக் கிண்ணங்களை இடுக்கியால் கடித்துக் கடித்து நறுக்கி, சுண்ணாம்புச் சாந்தில் ஒவ்வொன்றாகக் குத்தி நிறுத்தியது. பூவிதழின் வளைவு தனியாகச் செய்ததல்ல, கிண்ணத்தின் வயிற்று வளைவுதான் இதழ் வளைவு. ஒரு டிராகனின் கழுத்தில் செதில்கள் நுனிக்குப் போகப் போகச் சிறுக்கின்றன. பச்சைக் கிண்ணத்தின் விளிம்புத் துண்டுகள் கழுத்துக்கு, அடித்துண்டுகள் முதுகுக்கு. வண்ணம் பெயிண்ட் அல்ல என்பதால் மழையில் கழுவக் கழுவப் பளிச்சிடுகிறது. முற்றத்திலேயே மழை பிடித்துக்கொண்டதால் அதையும் கண்ணால் பார்த்தாயிற்று. ஒன்றரை மணி நேரம். குடையைவிட மழைக்கோட்டு மேல். சந்துகளில் குடை ஒன்றையொன்று குத்தும்.

திரும்பும் வழியில் கடைவீடுகளைப் பற்றி. 1966 வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இருந்தவரை, போருக்கு முன் கட்டிய வீடுகளில் தையல்காரர், பித்தளைக்காரர், ஊதுபத்தி செய்கிறவர் எல்லாம் சொற்ப வாடகைக்கு மாடியில் குடியும் கீழே தொழிலுமாக இருந்தார்கள். சொந்தக்காரர் பழுதுபார்க்கவில்லை, இடிக்கவும் இல்லை. அதனால்தான் நகரம் பிழைத்தது. 2000 ஜனவரி 1இல் சட்டம் போனது. குடியிருந்தவர்கள் கிளம்பினார்கள். காலி வீடுகள் சிலவற்றில் உழவாரக் குருவிகளை விட்டு, உணவாகும் அதன் கூட்டை அறுத்து விற்றார்கள். அந்த ஈரமும் எச்சமும் சுவரைத் தின்றன. யுனெஸ்கோ பட்டியலில் 2008 ஜூலையில் சேர்ந்த பிறகு, 2013க்குள் பாரம்பரிய எல்லைக்குள்ளிருந்த குருவி வீடுகளை அப்புறப்படுத்தினார்கள். இப்போது அதே வீடுகளில் 16 வெள்ளிக்கு ஒரு கப் காபி. முகப்பெல்லாம் நேர்த்தி. மாடியில் துணி காய்கிறதா என்று அண்ணன் நிமிர்ந்து பார்த்துக்கொண்டே வந்தார். ஒரு தெருவில் எண்ணிப் பார்த்ததில் மூன்று வீட்டில் காய்ந்தது.

மாலை ஐந்துக்கு மேல் சியூ மரப்பாலம். வெல்ட் கீயிலிருந்து கடலுக்குள் கால் ஊன்றி நிற்கும் வீடுகள், ஒரு பாலத்துக்கு ஒரு குலம். முன்பு மரக்கால்; புழு அரித்துச் சாயும். இப்போது பிளாஸ்டிக் குழாயைச் சேற்றில் இறக்கி அதற்குள் கான்கிரீட் ஊற்றுகிறார்கள்; குழாயே அச்சு, குழாயே கவசம். கதவு திறந்திருந்தால் கடை என்று எண்ணி நுழையாதீர்கள், பாட்டி தூங்கிக்கொண்டிருப்பார். படம் எடுக்காதே என்று பலகை வைத்த வாசலில் எங்கள் கண் எதிரேயே ஒருவர் கேமராத் தாங்கியை ஊன்றினார். உள்ளிருந்து வந்த முதியவர் கோபப்படவில்லை. பலகையைத் தூக்கிக் கேமராவுக்கு நேரே பிடித்துக்கொண்டு நின்றார்.

இரவு: சார் குவே தியாவ் என்ற வறுத்த அரிசி நூடுல்ஸ் 9 வெள்ளி, ஜாதிக்காய்ச் சாறு 4. ஜாதிக்காயைக் கம்பெனிதான் இந்தோனேசியத் தீவுகளான மொலுக்கஸிலிருந்து கொண்டுவந்து நட்டது. நாம் வீட்டில் கொட்டையை மட்டும் இழைக்கிறோம். இவர்கள் மேல் சதையைச் சாறாக்குகிறார்கள். துவர்ப்பும் புளிப்பும், கடைசியில் ஒரு தைல வாசம். முதல் மடக்குக்கு முகம் கோணும்.

அக்டோபர் 12, ஞாயிறு: கல்லறையும் நீலமும்

காலை எட்டுக்கு நார்தம் சாலை புராட்டஸ்டண்டு கல்லறை. ஈழத்தலரி மரங்கள், நிழல், கொசு. லைட் 1794இல் காய்ச்சலில் இறந்து இங்கேதான் கிடக்கிறார். கல்லில் உள்ள வயதுகளைப் படித்துக்கொண்டு போனால் முப்பதைத் தாண்டியவர்கள் குறைவு என்று தோன்றும்; வந்த வேகத்தில் போயிருக்கிறார்கள். கொசுத் தைலம் தடவாமல் போக வேண்டாம்.

லீத் தெருவிலுள்ள சியோங் ஃபாட் சே என்பவரின் மாளிகை நீல மாளிகை என்றே தெரியும். 38 அறை, 5 முற்றம், 220 சன்னல். ஹக்கா இனத்தவரான அவர் வெறுங்கையோடு தொடங்கிப் பெருஞ்செல்வரானவர், 1916இல் காலமானார். பிற்காலத்தில் ஒண்டுக்குடித்தனங்கள் நிறைந்து சிதைந்திருந்ததை வாங்கிப் பழையபடி ஆக்கினார்கள். 2000இல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் பாதுகாப்பு விருது. சுவரின் நீலம் இந்தியாவிலிருந்து கப்பலில் வந்த அவுரியைச் சுண்ணாம்பில் கரைத்து அடித்தது. வெள்ளிக்கிழமை அஞ்சடியில் பார்த்த அதே சுண்ணாம்பு. கிட்டத்தில் போய்ப் பார்த்தால் ஒரே நீலமாக இல்லை. மழைச்சாரல் படும் பக்கம் வெளிறி, தூண் மறைவில் கருநீலமாக, ஈரம் வெளியேறிய இடத்தில் மேகம் போலத் திட்டுத் திட்டாக. கையை வைத்தால் விரலில் லேசாக ஒட்டுகிறது. வைக்கக் கூடாது, வைத்தவர் ஏற்கெனவே வைத்துவிட்டார்.

கெங் க்வீ தெருவில் செண்டோல், அதாவது தேங்காய்ப்பாலும் ஐஸும் வெல்லப்பாகும் பச்சை மாவுத் துணுக்கும் சேர்ந்தது, நின்றபடியே குடிப்பதுதான் வழக்கம். கிண்ணம் 5 வெள்ளி. பாகு பனைவெல்லம் மாதிரியே இருக்கிறதே என்று கேட்டால், அது குலா மலாக்கா என்ற தென்னை வெல்லம்.

விமான நிலையத்துக்கு நகரப் பேருந்து. சீட்டுக்காசை ஓட்டுநருக்குப் பக்கத்திலுள்ள பெட்டியில் சரியாகப் போட வேண்டும், மீதி வராது. படகில் அட்டையில்லாமல் மாட்டிய அதே இருவரில் ஒருவர் பத்து வெள்ளி நோட்டை உள்ளே விட்டுவிட்டு, மீதிக்குக் கையை நீட்டினார். ஓட்டுநர் பேசவில்லை. நான்கு விரலை மடக்கி, கட்டைவிரலால் பெட்டிக்கு மேலிருந்த அறிவிப்பைக் காட்டினார்.